நான்காவது முறை கேட்கப்பட்ட கேள்வி: ஆவணப்பட நிதி அமைப்புகளுக்கும் விழாத் தேர்வுக் குழுக்களுக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய தேர்வுக் குழு உறுப்பினர்களுக்கும் நிதி நல்கும் அமைப்புகளின் பொறுப்பாளர்களுக்கும்,

வணக்கம். அகதிகளைப் பற்றிய ஆவணப்படங்களுக்காகப் பதிவுசெய்யப்படும் நேர்காணல்களைக் கேட்டு எழுத்தாக்குவதும், பின்னர் அவற்றைத் திரையின் அடியில் ஓடும் வசன வரிகளாக மொழிபெயர்ப்பதும் என் தொழில். என் பெயர் படத்தின் கடைசியில், அரங்கில் விளக்குகள் எரிந்து பாதிப்பேர் எழுந்துவிட்ட பிறகு வரும். பல படங்களில் அதுவும் வராது. ஆனால் நீங்கள் காணும் தொண்ணூறு நிமிடங்களுக்குப் பின்னால் கிடக்கும் நூறு, இருநூறு மணிநேரப் பதிவுகளை வரி விடாமல் கேட்டவர் என்று, படத்தொகுப்பாளரை விட்டால், பெரும்பாலும் என்னைப் போன்ற ஒருவர்தான் இருப்பார். எது வைக்கப்பட்டது, எது வெட்டப்பட்டது, எந்தக் கேள்விக்குப் பிறகு எவ்வளவு நேரம் பேச்சு எழவில்லை என்பதெல்லாம் எங்களுக்குத் தெரியும். அந்த ஒரு தகுதியைக் கொண்டே இந்த மடலை எழுதுகிறேன்.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு படத்துக்காக, போரில் ஊரைவிட்டு வெளியேறிய ஒரு பெண்ணின் நேர்காணலை எழுத்தாக்கினேன். அவர் பேசியது என் தாய்மொழி. கேள்வி கேட்டவருக்கோ அந்த மொழி தெரியாது, இடையில் ஒரு மொழிபெயர்ப்பாளர் இருந்தார். "வீட்டை விட்டுப் புறப்பட்ட நாளைப் பற்றிச் சொல்லுங்கள்" என்பது கேள்வி. முதல் முறை கேட்டபோது, அந்தப் பெண் கதவைப் பூட்டிச் சாவியை எங்கே வைப்பது என்று வாசலில் நின்று யோசித்ததைச் சொன்னார். கையில் கொண்டுபோனால் வழியில் தொலைந்துவிடும், அண்டை வீட்டாரிடம் கொடுக்கலாம் என்றால் அவர்களும் மூட்டை கட்டிக்கொண்டிருந்தார்கள். இரண்டாம் முறை, பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழையும் நிலத்தின் பத்திரத்தையும் எடுத்தவர் தன் மருந்துச் சீட்டை மறந்துபோனதைச் சொன்னார். மூன்றாம் முறை, கறவை மாட்டின் கயிற்றை அவிழ்த்துவிட்டதையும், அது போகாமல் வாசலிலேயே நின்றதையும் சொன்னார். குரல் ஒருமுறைகூடத் தழுதழுக்கவில்லை. நான்காம் முறை அதே கேள்வி வந்தபோது, "இதை இனிக் கேட்காதீர்கள்" என்று சொல்லிவிட்டு அழத் தொடங்கினார். ஒளிப்பதிவுக் கருவி மெல்ல அவர் முகத்தை நெருங்கியது.

படத்தில் இடம்பெற்றது நான்காவது பதில். "இதை இனிக் கேட்காதீர்கள்" என்ற சொற்களுக்கு முன்பே காட்சி தொடங்காமல், அவற்றுக்குப் பின்பு தொடங்கியது. அதனால் நான் மொழிபெயர்ப்பதற்கு அங்கே ஒரு வரியும் இருக்கவில்லை.

இதை இயக்குநரின் கொடுமை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவர் நல்லவர், அந்தக் குடும்பத்தோடு பல வாரங்கள் தங்கியவர், கடன் வாங்கிப் படம் எடுத்தவர். கடனை அடைக்க அவருக்கு உங்கள் நிதி வேண்டும். அதைப் பெற, நிதி தருவோர் முன் படத் திட்டத்தை விளக்கும் பிட்சிங் அரங்கில், தமக்கு ஒதுக்கப்பட்ட சில நிமிடங்களுக்குள், ஒரு முன்னோட்டக் காட்சியைப் போட்டுக் காட்ட வேண்டும். அந்த நேரத்தில் சாவியின் கதையைச் சொல்ல முடியாது. அழுகையைக் காட்ட முடியும். விண்ணப்பப் படிவத்தில் "உங்கள் பாத்திரங்களுடன் உங்களுக்கு எத்தகைய நெருக்கம் உள்ளது?" என்று நீங்கள் கேட்கிறீர்கள்; நெருக்கத்துக்குச் சான்று கண்ணீர்தான் என்று எந்த விதிமுறையிலும் எழுதப்பட்டிருக்கவில்லை என்றாலும், விண்ணப்பிப்பவர் அனைவருக்கும் அது மனப்பாடம். அதனால்தான் இயக்குநர்களுக்கு எழுதாமல் உங்களுக்கு எழுதுகிறேன். நான்காவது முறை அந்தக் கேள்வியைக் கேட்டது ஒருவகையில் உங்கள் படிவம்.

கண்ணீரைக் காட்டுவது தவறு என்பதல்ல என் வாதம். அழுகைக்காகக் காத்திருக்கும் படம், இடப்பெயர்வு என்றால் என்ன என்பதைத் தவறவிட்டுவிடுகிறது என்பதே என் முறையீடு. 2015ஆம் ஆண்டில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் மத்தியதரைக் கடலைக் கடந்து ஐரோப்பாவை அடைந்தபோது, உலகின் ஒளிப்பதிவுக் கருவிகள் எல்லாம் கரையில் வந்து நின்றன. ரப்பர்ப் படகு, ஆரஞ்சு நிற மிதவைச் சட்டை, மணலில் இறங்கும் குழந்தை என்று அகதிக்கு ஓர் உருவம் அப்போது நிலைத்துவிட்டது. ஆனால் ஐ.நா. அகதிகள் முகமையின் கணக்குப்படி, 2024ஆம் ஆண்டின் இறுதியில் வலுக்கட்டாயமாக இடம்பெயர்ந்திருந்தவர்கள் 12.32 கோடிப் பேர், அவர்களில் 7.35 கோடிப் பேர் தங்கள் நாட்டு எல்லையையே தாண்டாதவர்கள். தாண்டியவர்களிலும் மூன்றில் இரண்டு பங்கினர் அண்டை நாட்டில்தான் இருக்கிறார்கள். பெரும்பான்மையினரின் வாழ்க்கையில் படகே இல்லை. காத்திருப்பு இருக்கிறது. கென்யாவின் தாதாப் முகாம்கள் 1991ஆம் ஆண்டில் திறக்கப்பட்டவை. அங்கே பிறந்தவர்கள் அங்கேயே மணமுடித்துப் பிள்ளை பெற்றிருக்கிறார்கள். ஜோர்தானின் சாத்தரி முகாம் 2012இல் கூடாரங்களாகத் தொடங்கிக் கடைத்தெரு உள்ள ஊராகிவிட்டது. ஒரே நாட்டைச் சேர்ந்த குறைந்தது இருபத்தைந்தாயிரம் பேர் வேறொரு நாட்டில் ஐந்தாண்டுகளோ அதற்கு மேலோ தஞ்சத்தில் இருந்தால் அதை நீண்டகால அகதி நிலை என்று அந்த முகமை வகைப்படுத்துகிறது. ஐந்தாண்டு என்பது ஆவணப்பட உலகில் மிக நீண்ட படப்பிடிப்பு. முகாமிலோ அது தொடக்கம்.

அந்தக் காத்திருப்பில் உளக்காயம் எப்படி வேலை செய்கிறது என்பதை நான் பதிவுகளில் கேட்டிருக்கிறேன். மனநல மருத்துவம் பேரதிர்ச்சிக்குப் பிந்தைய மனஅழுத்த நோய்க்கு 1980ஆம் ஆண்டில் தன் அமெரிக்க நோயறிதல் கையேட்டில் இடம் தந்தது. அன்றுமுதல் நாம் 'நிகழ்ச்சி' ஒன்றைத் தேடிப் பழகிவிட்டோம். குண்டு விழுந்த நாள், கொலையைக் கண்ட நாள், கடலில் விழுந்த நாள். ஆனால் எழுத்தாக்கத்துக்காக நான் திரும்பத் திரும்பக் கேட்ட குரல்கள், அந்த நாளைவிட, அதற்குப் பிறகு வந்த ஆயிரம் நாட்களைப் பற்றியே அதிகம் பேசின. அலுவலகத்தில் பெயர் தவறாக எழுதப்பட்டு, பிறகு அந்தத் தவறான பெயராகவே வாழ நேர்ந்தது. பள்ளி ஆசிரியராக இருந்தவர், பெற்ற பிள்ளை மொழிபெயர்க்க, மருத்துவரிடம் தன் உடலின் நோவைச் சொல்ல நேர்ந்தது. கதவு தட்டப்படும்போது கடிதமா காவலரா என்று நெஞ்சு அடித்துக்கொண்டது. இவற்றில் எதற்கும் உச்சக்காட்சி கிடையாது. அதனால் வெட்டப்படுகின்றன.

இன்னொன்றையும் நீங்கள் அறிந்திருக்க வேண்டும் என்று விரும்புகிறேன், ஏனெனில் இது கலையைப் பற்றிய விவாதம் மட்டுமன்று. 1951ஆம் ஆண்டின் அகதிகள் ஒப்பந்தம், துன்புறுத்தப்படுவோம் என்ற நியாயமான அச்சம் உடையவர் என்று அகதியை வரையறுக்கிறது. நம் மொழியில் 'அகதி' என்றால் கதியற்றவர். சட்டத்திலோ அகதி என்பவர் ஓர் உரிமையைக் கோருபவர், அந்த அச்சத்தை நிறுவ வேண்டியவர். நிறுவுவதற்கு அவரிடம் பெரும்பாலும் தன் வாய்மொழியைத் தவிர வேறெதுவும் இருக்காது. ஒரு நேர்காணலில் சொன்னதும் அடுத்ததில் சொன்னதும் ஒத்துப்போகாவிட்டால், பொய் சொல்கிறார் என்று விண்ணப்பம் தள்ளப்படலாம். ஆனால் கொசோவோ, பொஸ்னியா நாடுகளிலிருந்து வந்து பிரிட்டனில் தங்கும் உரிமையை ஏற்கெனவே பெற்றுவிட்ட, ஆகவே பொய் சொல்ல வேண்டிய தேவையே இல்லாத அகதிகளிடம் ஒரே நிகழ்ச்சிகளைப் பற்றி இருமுறை கேட்டு ஆராய்ந்தபோது, இரண்டு விவரிப்புகளுக்கும் இடையே முரண்கள் இருப்பது சாதாரணமாகவே காணப்பட்டது. உளக்காயத்தின் அறிகுறிகள் மிகுந்திருந்தவர்களிடம், இரண்டு நேர்காணல்களுக்கு இடைப்பட்ட காலம் நீள நீள முரண்களும் கூடின. 2002ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் மருத்துவ இதழில் வெளியான ஆய்வு இது. நினைவு அப்படித்தான் இருக்கும். சாவி, சான்றிதழ், மாடு என்று அந்தப் பெண் ஒரே கேள்விக்கு மூன்று பதில் சொன்னதை நான் செல்வமாகக் கண்டேன். தஞ்ச மனுவை விசாரிக்கும் அதிகாரி அதையே மூன்று வாக்குமூலமாகக் காணக்கூடும்.

ஆகவே தஞ்ச வழக்கு முடியாத ஒருவரின் நேர்காணல், படமாக வெளிவந்த நாளிலிருந்து, அவருக்கு எதிராகத் திரும்பக்கூடிய ஒரு சாட்சியமாகிவிடுகிறது. வெளிவராத பகுதியும் பாதுகாப்பானதென்று எண்ண முடியாது. எக்வடோரின் எண்ணெய் மாசு வழக்கைப் பற்றிய ஓர் ஆவணப்படத்தின் பயன்படுத்தப்படாத மூலக் காட்சிகளை எண்ணெய் நிறுவனத்திடம் ஒப்படைக்குமாறு 2010இல் அமெரிக்க நீதிமன்றம் ஒன்று இயக்குநருக்கு ஆணையிட்டது. மேல்முறையீட்டில் அளவு குறைக்கப்பட்டாலும் ஒப்படைக்க வேண்டியதாயிற்று. நீங்கள் நிதி வழங்கும் படங்களின் மூலக் காட்சிகள் எந்த வன்தட்டில், யார் வீட்டு அலமாரியில், எத்தனை ஆண்டுகள் கிடக்கும் என்று எந்த விண்ணப்பத்திலாவது கேட்டிருக்கிறீர்களா? நான் நிரப்ப உதவிய படிவங்களில் அந்தக் கேள்வியைக் கண்டதில்லை.

ஒப்புதல் படிவத்தில் கையெழுத்து வாங்கியிருக்கிறோமே என்பார்கள். வாங்கியிருக்கிறார்கள்தான். பெரும்பாலும் ஆங்கிலத்தில் இருக்கும் அந்தப் படிவத்தின் சாரத்தைக் களத்தில் வாய்மொழியாகப் பெயர்த்துச் சொல்வதை ஒலிப்பதிவில் பலமுறை கேட்டிருக்கிறேன். இரண்டு பக்கம் ஒரு நிமிடத்தில் முடிந்துவிடும். "உலகம் முழுவதும், எல்லா ஊடகங்களிலும், காலவரையறையின்றி" என்ற வாசகம் "இதைப் பலரும் பார்ப்பார்கள்" என்று சுருங்கும். படக்குழுவை முகாமுக்குள் அழைத்துவருபவர் பெரும்பாலும் உணவுப் பொருள் தரும் தொண்டு நிறுவனத்தின் பணியாளர். அவர் பக்கத்தில் நிற்கும்போது 'மாட்டேன்' என்று சொன்னால் உணவுப் பொருள் அட்டைக்குக் கேடு வருமோ என்று அஞ்சுபவரின் 'சரி' எந்த அளவுக்குச் சம்மதம்? மொழிபெயர்ப்பாளரும் பெரும்பாலும் அதே முகாமைச் சேர்ந்தவர். சிலசமயம் எதிர்த்தரப்பு ஊரைச் சேர்ந்தவராகவும் இருப்பார். அது கேட்பவருக்குத் தெரியாது, பதில் சொல்பவருக்கு அந்த உச்சரிப்பிலேயே தெரிந்துவிடும். பதில்கள் திடீரென்று குட்டையாவதை நான் அப்படித்தான் அடையாளம் கண்டிருக்கிறேன்.

புகைப்பட வரலாறு நமக்கு ஒரு பாடத்தை ஏற்கெனவே கொடுத்திருக்கிறது. 1984இல் பாகிஸ்தானின் ஒரு முகாமில் எடுக்கப்பட்டு, 1985 ஜூனில் நேஷனல் ஜியாகிரஃபிக் இதழின் அட்டையில் வந்த பச்சை விழி ஆப்கன் அகதிச் சிறுமியின் முகத்தை அறியாதவர் இல்லை. அவருடைய பெயர் 2002ஆம் ஆண்டில் அவரைத் தேடிக் கண்டுபிடிக்கும்வரை வெளியுலகுக்குத் தெரியாது. பதினேழு ஆண்டுகள் உலகச் சுவர்களில் தொங்கிய அந்த முகத்துக்குச் சொந்தக்காரர், 2016இல் போலி அடையாள அட்டை வைத்திருந்ததாகப் பாகிஸ்தானில் கைதுசெய்யப்பட்டு நாடுகடத்தப்பட்டார். உலகப் புகழ்பெற்ற முகத்தால் ஓர் அடையாள அட்டையைப் பெற முடியவில்லை.

முகத்தைக் காட்டாமல் படம் எடுக்க முடியாது என்ற வாதமும் பழையதாகிவிட்டது. 2021இல் வெளிவந்த டென்மார்க்குப் படமான 'ஃப்ளீ', ஆப்கானிஸ்தானிலிருந்து சிறுவனாக வெளியேறிய ஒருவரின் கதையைப் புனைபெயரிலும் உயிரூட்டுச் சித்திரங்களிலும் சொல்லி, ஆவணப்படம், உயிரூட்டுப்படம், சர்வதேசப் படம் என மூன்று பிரிவுகளிலும் ஆஸ்கர் பரிந்துரை பெற்றது. செச்னியாவிலிருந்து தப்பிய தன்பாலின ஈர்ப்பாளர்களைப் பற்றி 2020இல் வந்த படம், தப்பியவர்களின் முகங்களுக்கு மேல் முன்வந்த வேறு மனிதர்களின் முகங்களைக் கணினியால் பொருத்திக் கண்ணின் அசைவையும் உதட்டின் நடுக்கத்தையும் காப்பாற்றிக்கொண்டது. இவை செலவு மிகுந்த முறைகள், ஆகவே இதுவும் உங்களிடம் வந்து சேரும் கேள்விதான். அதேசமயம், எல்லோரும் மறைந்திருக்க விரும்புவதில்லை. தன் பெயரும் முகமும் தெரிய வேண்டும், தன்னைச் சுட்டவனுக்கும் தெரிய வேண்டும் என்று உறுதியாகச் சொன்னவர்களையும் கேட்டிருக்கிறேன்; அவர்களை மங்கலாக்குவது இன்னொரு அவமதிப்பு. யார் எதை விரும்புகிறார் என்று மெதுவாக, பலமுறை, ஒளிப்பதிவுக் கருவி அணைக்கப்பட்டிருக்கும்போது கேட்டுத்தான் அறிய முடியும்.

கருவியை அகதியின் கையிலேயே கொடுத்துவிட்டால் தீர்ந்தது என்றும் எனக்குத் தோன்றவில்லை. ஈரானிலிருந்து தப்பிய குர்து பத்திரிகையாளர் பெஹ்ரூஸ் பூச்சானி, ஆஸ்திரேலியா தஞ்சம் கோரியவர்களை அடைத்துவைத்த பப்புவா நியூ கினியின் மானுஸ் தீவுத் தடுப்பு முகாமுக்குள்ளிருந்து ஒரு கைபேசியில் எடுத்தனுப்பிய காட்சிகள், வெளியிலிருந்து எவரும் எடுத்திருக்க முடியாதவை. தாலிபான்களின் மிரட்டலுக்குத் தப்பி மனைவியோடும் இரண்டு மகள்களோடும் ஆப்கானிஸ்தானை விட்டு வெளியேறிய இயக்குநர் ஹசன் ஃபாசிலி, மூன்று கைபேசிகளில் பதிவுசெய்து 2019இல் வெளியிட்ட படத்தில், மகள் காணாமல்போன வேளையில் அது எப்பேர்ப்பட்ட காட்சியாகும் என்று தன் மனம் ஒரு கணம் நினைத்ததையும், அதற்காகத் தன்னையே வெறுத்ததையும் தாமே ஒப்புக்கொள்கிறார். தந்தையின் மனத்துக்குள்ளேயே அந்தப் பசி புகுந்திருக்கிறதென்றால், அது தனிமனிதரின் குணக்கேடு அல்ல. நாம் எல்லோரும் பயிற்றுவித்த பார்வை.

வலியுறுத்திக் கேட்காவிட்டால் வரலாறு பதிவாகாது என்று உங்களில் சிலர் சொல்வீர்கள் என்பதை அறிவேன். யூத இனப்படுகொலையைப் பற்றி 1985இல் வெளிவந்த க்ளோட் லான்ஸ்மனின் படத்தில், திரெப்ளிங்கா முகாமில் சாவுக்கு முன் பெண்களின் கூந்தலை வெட்டப் பணிக்கப்பட்ட முடிதிருத்துநர் பேச்சு நின்று, முடியாது என்று சொல்லும் காட்சியையும், தொடர்ந்து பேசியே ஆக வேண்டும் என்று இயக்குநர் கேட்டுக்கொள்வதையும் நீங்கள் எடுத்துக்காட்டலாம். அந்தக் காட்சியை நானும் மதிக்கிறேன், சற்று அச்சத்தோடு. ஆனால் அந்தச் சாட்சி முப்பது ஆண்டுகளுக்கு மேல் கழிந்தபின், குடியுரிமையோடும், தான் எதற்காகப் பேசுகிறோம் என்ற தெளிவோடும் பேசினார். அவருடைய மறுப்பும் இயக்குநரின் வற்புறுத்தலும் படத்திலேயே இருக்கின்றன; பார்ப்பவர் தாமே தீர்ப்புச் சொல்லலாம். கூடாரத்தில் இருந்துகொண்டு அடுத்த வாரம் விசாரணைக்குப் போக வேண்டிய ஒருவரிடம் அதே முறையைக் கையாண்டு, மறுப்பை மட்டும் வெட்டிவிடுவதற்கு அது முன்மாதிரி ஆகாது.

நான் கேட்பது இதுதான். நீங்கள் நிதி வழங்கும் ஒவ்வோர் அகதி ஆவணப்படத்துக்கும், படப்பிடிப்பு முடிந்து தொகுப்பு முடியாத நிலையில், படத்தில் வருபவர்கள் தங்கள் காட்சிகளைத் தங்கள் மொழியில் பார்ப்பதற்கான பயணச் செலவையும் நேரத்தையும் வரவுசெலவுத் திட்டத்தின் கட்டாயப் பகுதியாக்குங்கள். அதைப் பார்த்த பிறகே இறுதி ஒப்புதல் செல்லும் என்று ஒப்பந்தத்தில் எழுதுங்கள். முதல் கையெழுத்து படம் பிடிப்பதற்கு மட்டும், இரண்டாவது கையெழுத்து காட்டுவதற்கு. இரண்டுக்கும் நடுவே ஒருவர் விலகினால் இயக்குநர் உங்களுக்குப் பணத்தைத் திருப்பித் தர வேண்டியதில்லை என்பதையும் சேர்த்து எழுதுங்கள், ஏனெனில் அந்த அச்சம் இருக்கும்வரை எந்த இயக்குநரும் மனமார அந்தக் கேள்வியைக் கேட்க மாட்டார். வெளியான பிறகும், ஆபத்து என்று ஒருவர் தெரிவித்தால் அவருடைய முகத்தையோ பெயரையோ இணையப் பிரதிகளில் மாற்றும் பொறுப்பு யாருடையது என்று முன்கூட்டியே தீர்மானியுங்கள். திரையரங்கோடு படத்தின் ஆயுள் முடிந்த காலம் போய்விட்டது. இன்று ஒரு முகத்தைத் தேடுபொறியில் இட்டு ஆளைக் கண்டுபிடிக்க முடிகிறது, அந்த ஆளின் தம்பி இன்னும் ஊரிலேயே இருக்கிறார்.

இப்படி உரிமை கொடுத்தால் அமைச்சர்களும் தளபதிகளும் தங்களுக்கு ஒவ்வாததை வெட்டச் சொல்வார்களே என்ற ஐயத்துக்கு நீண்ட பதில் தேவையில்லை. அதிகாரத்தில் இருப்பவரை விசாரிக்கும் படமும், எல்லாவற்றையும் இழந்தவரிடம் கதை கேட்கும் படமும் ஒன்றல்ல. இரண்டையும் பிரித்தறியும் திறன் தேர்வுக் குழுக்களுக்கு உண்டு. சாட்சிகளுக்குப் பணம் கொடுக்கலாமா என்ற விவாதத்தில் நான் நடுநிலை வகிக்கவில்லை: கதைக்கு விலை பேசக் கூடாது, ஆனால் மூன்று நாள் கூலியை விட்டுவிட்டு நமக்காக உட்கார்ந்திருப்பவருக்கு அந்தக் கூலியைக் கொடுக்காமலிருப்பது நேர்மை அல்ல, கஞ்சத்தனம். களத்து மொழிபெயர்ப்பாளருக்கும் அப்படியே. நேர்காணலுக்குப் பிறகு ஆலோசகர் ஒருவரின் எண்ணைக் கொடுத்துவிட்டுப் போவதைப் பற்றி நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை. அந்த எண்களுக்கு அழைத்தவர் எவரையும் நான் பதிவுகளில் கேட்டதில்லை.

முன்னோட்டக் காட்சிகளைப் பற்றியும் ஒரு வேண்டுகோள். ஒரே ஓர் ஆண்டு, பிட்சிங் அரங்கில் அகதிப் படங்களுக்கு அழுகைக் காட்சி இல்லாத முன்னோட்டங்களை மட்டும் ஏற்றுப் பாருங்கள். விதியாக வேண்டாம், சோதனையாக. கதவைப் பூட்டியது எப்படி, எந்தக் காகிதத்தை எடுத்தார்கள், எதை விட்டார்கள் என்பவற்றோடு வரும் இயக்குநர்கள் எத்தனை பேர் என்று தெரிந்துவிடும்.

நான் முதலில் சொன்ன பெண், படம் வெளியாகிச் சில மாதங்கள் கழித்து, தன் முகத்தை எடுத்துவிட முடியுமா என்று மொழிபெயர்ப்பாளர் வழியாகக் கேட்டனுப்பினார். படம் அதற்குள் விற்கப்பட்டிருந்தது; பிரதிகளை மாற்றும் உரிமை வாங்கியவர்களிடம் இருந்தது; அவர்கள் பதில் எழுதவில்லை. கடைசியாக அவர் கேட்டது வேறு. முதலில் தான் சொன்னவற்றை, சாவியையும் சான்றிதழையும் மாட்டையும் பற்றிச் சொன்னவற்றை, தன் பிள்ளைகளுக்காக ஒரு பிரதி எடுத்துத் தர முடியுமா என்று கேட்டார். மூலக் காட்சிகள் தயாரிப்பு நிறுவனத்தின் உடைமை என்பதால் அதற்கும் வழியில்லை என்று சொல்லப்பட்டது. என்னிடம் இருப்பது அந்த நேர்காணலின் எழுத்துப் பிரதி மட்டும், பதினோரு பக்கம். ஒப்பந்தப்படி அதையும் நான் யாருக்கும் தரக் கூடாது. உங்கள் அமைப்புகளில் ஏதேனும் ஒன்று அந்த விதியைத் தளர்த்தும் அதிகாரம் உடையது என்றால், எந்த முகவரிக்கு விண்ணப்பிக்க வேண்டும் என்று தெரிவியுங்கள், அன்றே விண்ணப்பிக்கிறேன்.

மதிப்புடன்,
நேர்காணல்களை எழுத்தாக்கும் ஒரு மொழிபெயர்ப்பாளர்